மதுரைப் பக்கத்து மீட்டர் கேஜ் ரயில் ஆவணப்படம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மதுரையை மையமாக வைத்து, மறைந்துபோன மீட்டர் கேஜ் ரயில் தடங்களையும் அவற்றில் வேலை பார்த்தவர்களையும் சில ஆண்டுகளாகப் படம்பிடித்து வருகிறேன். திரையிடல்களிலும் ரயில்வே காலனி வீடுகளிலும் ஒரே கேள்விகள் திரும்பத் திரும்ப வருவதால், அவற்றுக்கான விடைகளை ஓரிடத்தில் எழுதி வைக்கிறேன்.

மீட்டர் கேஜ் என்றால் என்ன? அதற்கென்று தனியாக ஒரு படம் எதற்கு?

இரண்டு தண்டவாளங்களுக்கு இடையே 1,000 மி.மீ. இடைவெளி இருந்தால் அது மீட்டர் கேஜ். இப்போது நாம் பயணம் செய்யும் அகலப் பாதையின் இடைவெளி 1,676 மி.மீ. 1870-களில் செலவைக் குறைப்பதற்காகக் குறுகிய பாதையை ஆங்கில அரசு தேர்ந்தெடுத்தபோது தென் தமிழகம் முழுவதும் அந்த அளவிலேயே தண்டவாளம் பதிக்கப்பட்டது. திருச்சியிலிருந்து மதுரைக்கு 1875-லும், மதுரையிலிருந்து தூத்துக்குடிக்கு அடுத்த ஆண்டிலும் ரயில் ஓடத் தொடங்கியது. அதற்கு முன்பு, 1860-களின் தொடக்கத்தில், நாகப்பட்டினத்துக்கும் திருச்சிக்கும் இடையே அகலப் பாதையாகவே போடப்பட்ட தடத்தைப் பின்னர் பெயர்த்து மீட்டர் கேஜாகக் குறுக்கினார்கள் என்பதைப் பலர் நம்ப மறுக்கிறார்கள். பாதையை அகலப்படுத்தும் வேலை நம் காலத்தில் நடந்தது. குறுக்கும் வேலை நம் கொள்ளுத்தாத்தா காலத்தில் நடந்தது.

ஒரு நூற்றாண்டுக்கு மேல் இப்பகுதி மக்களின் பயணம், சரக்கு, கோயில் திருவிழா, கல்யாணம், கருமாதி எல்லாம் அந்த ஒரு மீட்டர் அகலத்தின் மீதுதான் நடந்தன. அந்தப் பாதை போன பிறகு அதில் வேலை செய்த முறையும் போய்விட்டது. படத்தின் பொருள் அந்த வேலைமுறைதான். ஏக்கத்தைக் கிளறுவது எங்கள் நோக்கமன்று.

எந்தெந்தத் தடங்களைப் படமாக்குகிறீர்கள்?

மதுரை–போடிநாயக்கனூர், மதுரை–மானாமதுரை–ராமேசுவரம், விருதுநகர்–செங்கோட்டை–புனலூர் ஆகிய மூன்றுமே முதன்மையானவை. திண்டுக்கல்–மதுரைப் பகுதியில் கொடைக்கானல் ரோடு நிலையமும், தெற்கே மணியாச்சியும் சில காட்சிகளுக்காக இடம்பெறுகின்றன. 1911 ஜூன் 17 அன்று கலெக்டர் ஆஷ் சுடப்பட்ட இடம் என்பதால் மணியாச்சியை வரலாற்றுப் புத்தகம் படித்த எல்லோரும் அறிவார்கள். ஆனால் தூத்துக்குடிக்கும் திருநெல்வேலிக்கும் வண்டிகள் பிரியும் சந்திப்பாக அது இயங்கியதால்தான் கலெக்டரின் பெட்டி அங்கே காத்து நிற்க நேர்ந்தது என்பதை நிலைய அமைப்போடு சேர்த்துச் சொன்னால் அந்த நிகழ்ச்சி வேறு மாதிரி விளங்குகிறது.

மூன்றிலும் போடி லைன்தான் என் மனத்துக்கு நெருக்கமானது என்பதை மறைக்கவில்லை. சுமார் 90 கி.மீ. நீளமுள்ள அந்தத் தடம் 1928-ல் திறக்கப்பட்டது. மலையில் விளைந்த ஏலக்காயும் தேயிலையும் இறங்கிவரும் அடிவாரச் சந்தை போடி. மூணாறுப் பக்கத்தில் ஓடிய குண்டளை சின்ன ரயில் 1924 வெள்ளத்தில் அழிந்துபோன பிறகு, மலைமேல் உள்ள டாப் ஸ்டேஷனிலிருந்து அடிவாரத்துக் கொட்டகுடிக்குக் கம்பிவடத்தில் இறக்கப்பட்ட தேயிலைப் பெட்டிகள் போடி வழியாகவே வெளியே சென்றன. இரண்டாம் உலகப் போரின்போது இதே தடத்தின் தண்டவாளங்களைப் பெயர்த்துக்கொண்டு போய், 1950-களில்தான் திரும்பப் போட்டார்கள். 2010-இன் இறுதியோடு மீட்டர் கேஜ் வண்டி நின்றது. அகலப் பாதையில் தேனி வரை 2022 மே மாதமும், போடி வரை 2023 ஜூன் மாதமும் ரயில் வந்தது. ஆக, உசிலம்பட்டியிலும் ஆண்டிபட்டியிலும் உள்ள முதியவர்கள் தங்கள் ஊருக்கு ரயில் வராத காலத்தை இரண்டு முறை பார்த்திருக்கிறார்கள்.

பழைய எஞ்சின்களை அருங்காட்சியகங்களில் வைத்திருக்கிறார்களே, அது போதாதா?

எஞ்சினைக் காப்பாற்ற அது போதும். டெல்லியில் 1977-லிருந்து தேசிய ரயில் அருங்காட்சியகம் உண்டு; திருச்சியில் 2014-லிருந்து ஒன்று உண்டு. பல நிலையங்களின் வாசலில் வண்ணம் அடித்து நிறுத்திய எஞ்சின்களும் உண்டு. இரும்பு எளிதில் அழியாது. ஆனால் மீட்டர் கேஜில் ஓடிய ஒய்.பி. வகை நீராவி எஞ்சினின் நெருப்புப் பெட்டியில் கரியை எங்கே தடிப்பாகவும் எங்கே மெல்லியதாகவும் பரப்ப வேண்டும், ஏற்றம் வருவதற்கு எவ்வளவு முன்பே தண்ணீரையும் நீராவியையும் சரிபார்த்துக்கொள்ள வேண்டும் என்பதெல்லாம் கரி போடும் ஃபயர்மேனின் தோளிலும் கண்ணிலும் இருக்கும் அறிவு. 1970-ல் இருபது வயதில் சேர்ந்தவர் இப்போது எழுபதின் நடுவில் இருக்கிறார். இங்கே நீராவி வண்டிகள் 1990-களில் முடிவுக்கு வந்துவிட்டதால் அவருக்குப் பிறகு அந்த வேலையை முழுமையாகக் கற்றவர்கள் மிகச் சிலரே. கேமராவை முதலில் எங்கே திருப்ப வேண்டும் என்பதை அந்தக் கணக்கே தீர்மானித்தது.

படத்தில் வரும் வளையமும் இரும்புப் பந்தும் என்ன?

இதுவே அதிகம் கேட்கப்படும் கேள்வி. கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

ஒற்றைப் பாதையில் எதிரெதிராக இரண்டு வண்டிகள் வந்துவிடக் கூடாது. அதற்காக அடுத்தடுத்த இரண்டு நிலையங்களிலும் மின்கம்பியால் இணைக்கப்பட்ட ஒவ்வொரு டோக்கன் கருவி இருக்கும். ஒரு ஸ்டேஷன் மாஸ்டர் மணியடித்து அடுத்த நிலையத்தாரிடம் 'லைன் கிளியர்', அதாவது பாதை காலி என்ற ஒப்புதல், கேட்க, அவர் ஒப்புக்கொண்டு தம் கருவியை இயக்கினால்தான் இங்கே டோக்கனாக ஓர் இரும்புப் பந்து வெளியே வரும். அது வெளியே இருக்கும் வரை, இரு முனைகளில் எந்தக் கருவியிலிருந்தும் இன்னொரு பந்தை எடுக்க முடியாது. அந்தப் பந்து கையில் இருப்பதே அந்தப் பகுதிக்குள் நுழைய டிரைவருக்குக் கிடைத்த அதிகாரம். அடுத்த நிலையத்தில் அதைக் கொடுத்து, அங்குள்ள கருவிக்குள் போட்ட பிறகே பாதை மீண்டும் விடுபடும். ஒரு பகுதியின் பந்து அடுத்த பகுதியின் கருவிக்குள் நுழையாதபடி செதுக்கப்பட்டிருப்பதால், கைமாறிப் போய்விடுமோ என்ற கவலையும் இல்லை.

நிற்காமல் கடந்து போகும் வண்டிக்கு இதைக் கொடுப்பதற்காகப் பந்தைத் தோல் பையில் வைத்து, பையைப் பெரிய பிரம்பு வளையத்தில் கட்டி, நிலைய ஊழியரான பாயிண்ட்ஸ்மேன் பிளாட்பாரத்தின் ஓரத்தில் தூக்கிப் பிடித்து நிற்பார். எஞ்சினிலிருந்து ஒருவர் பழைய வளையத்தை எறிந்துவிட்டுப் புதியதைக் கையால் கோத்து வாங்குவார். ஓய்வுபெற்ற ஒருவரிடம் இதை விளக்கச் சொன்னபோது இரண்டு வாக்கியத்தில் முடித்துவிட்டார். பிறகு பிரம்பில் வளையம் செய்து கொடுத்ததும், எழுபத்தெட்டு வயதில் எழுந்து நின்று, முழங்கையைச் சற்று மடக்கி, உள்ளங்கையைத் திறந்து, வளையம் கையில் விழுந்து தோள் வரை ஏற இடம்விட்டுக் காட்டினார். விரல்களால் பிடிக்கப் போனால் மணிக்கட்டு போய்விடும் என்பதை அவர் வாயால் சொல்லவே இல்லை, கை சொன்னது. அன்றிலிருந்து எந்தப் பேட்டிக்கும் நாங்கள் வெறுங்கையோடு போவதில்லை.

கைகாட்டியைப் பற்றியும் சொல்லுங்கள்.

கைகாட்டி என்பது கம்பத்தில் கை போன்ற பலகை பொருத்திய பழைய சிக்னல். கை கிடைமட்டமாக இருந்தால் நில். கீழே சாய்ந்தால் போ. கேபினில் லிவரை இழுத்தால் கம்பி வழியாக அந்தக் கை சாயும். பலருக்குத் தெரியாத ஒன்று, பச்சை விளக்குக்கான கண்ணாடி உண்மையில் நீலமாக இருக்கும் என்பது. உள்ளே எரிவது மண்ணெண்ணெய் விளக்கு. அதன் மஞ்சள் சுடர் நீலக் கண்ணாடி வழியாக வரும்போது தூரத்திலிருந்து பச்சையாகத் தெரியும். பழம்பொருள் கடையில் கிடைத்த நீலக் கண்ணாடியைப் போலி என்று ஒதுக்கிய சேகரிப்பாளர் ஒருவரை நான் அறிவேன்.

பேட்டிகளை எப்படி எடுக்கிறீர்கள்?

முதல் சந்திப்பில் கேமரா கிடையாது. காபி குடித்துவிட்டு, எந்த ஷெட்டில் இருந்தார், யாரோடு வண்டி ஓட்டினார், வெளியூரில் ஊழியர்கள் தங்கும் ரன்னிங் ரூம்களில் எதில் சமையல் நன்றாக இருக்கும் என்று பேசிவிட்டு வருவோம். இரண்டாம் முறை பதிவு. மின்விசிறியின் சத்தம் ஒலிப்பதிவைக் கெடுக்கும் என்பதற்காகச் சித்திரை வெயிலில் விசிறியை நிறுத்திவிட்டு ஒரு பெரியவரை இரண்டு மணி நேரம் உட்கார வைத்த தவற்றை ஆரம்பத்தில் செய்தேன். பாதியில் அவருக்குக் களைப்பாகி, நாங்கள் கிளம்பி வர நேர்ந்தது. இப்போது காலை ஆறரைக்கே தொடங்கி ஒன்பது மணிக்கு முடித்துக்கொள்கிறோம்.

'அந்தக் காலம் எப்படி இருந்தது?' என்று கேட்பதில்லை. அப்படிக் கேட்டால் 'ரொம்ப நல்லா இருந்துச்சு தம்பி' என்பதோடு பேச்சு முடிந்துவிடும். 'விடியற்காலை டூட்டிக்கு எஞ்சின் ஏறியதும் முதலில் எதைத் தொடுவீர்கள்?' என்று கேட்டால் அரை மணி நேரம் பேசுவார்கள். விபத்து, உடன் வேலை பார்த்தவரின் தவறு, 1974 மே மாத ரயில்வே வேலைநிறுத்தத்தில் நேர்ந்த கைதும் வேலைநீக்கமும் போன்றவற்றைச் சிலர் சொல்லிவிட்டு, 'இதை இப்போ போடாதீங்க' என்கிறார்கள். பதிவைத் தனியாகப் பூட்டி வைத்து, அவர்கள் எழுத்தில் சம்மதிக்கும் வரை யாருக்கும் காட்டுவதில்லை.

நினைவில் சொல்வது தவறாக இருந்தால்?

ஆண்டுகள் தவறும், செயல்முறை அநேகமாகத் தவறாது. வண்டி நேரத்தையும் வேக வரம்பையும் ஊழியர்களுக்கென்று அச்சிட்ட வொர்க்கிங் டைம் டேபிளோடு ஒப்பிடுகிறோம். ஒவ்வொரு நிலையத்துக்கும் அதன் பாதை அமைப்பும் இயக்க முறையும் வரைபடத்தோடு அடங்கிய ஸ்டேஷன் வொர்க்கிங் ரூல்ஸ் உண்டு. பழைய பிரதி கிடைத்தால் புதையல்தான். தென்னிந்திய ரயில்வே தனி நிறுவனமாக இருந்த காலத்துக்கு, அதாவது 1951 ஏப்ரல் 14 அன்று தெற்கு ரயில்வே உருவாவதற்கு முந்தைய காலத்துக்கு, சென்னை எழும்பூரில் உள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகத்தில் அரசு ஆணைகளைத் தேடுகிறோம். அப்படியும் முரண்பாடு தீராவிட்டால் இரண்டையும் படத்தில் வைக்கிறோம். பெரியவரைத் திருத்தும் குரல் எதுவும் பின்னணியில் ஒலிக்காது.

தனுஷ்கோடியையும் பாம்பன் பாலத்தையும் ஏன் குறைவாகக் காட்டுகிறீர்கள்?

இடிந்த தேவாலயச் சுவரை வானத்திலிருந்து சுற்றிச் சுற்றிக் காட்டும் காட்சிகள் ஏற்கெனவே ஏராளம். 1964 டிசம்பர் 22 இரவுப் புயலில் பாம்பனிலிருந்து சென்ற பயணிகள் ரயில் கடலுக்குள் போனதையும், அதன்பின் தனுஷ்கோடித் தடம் திரும்பப் போடப்படவே இல்லை என்பதையும் சொல்லாமல் இருக்க முடியாது, சொல்கிறோம். அதைத் தொடர்ந்து பாலத்தை 46 நாளில் சீரமைத்த வேலைக்கு அதைவிட அதிக நேரம் ஒதுக்கியிருக்கிறோம்.

1914 பிப்ரவரி 24 அன்று திறக்கப்பட்ட பழைய பாம்பன் பாலத்தில் கப்பல் போவதற்காக நடுப்பகுதியை மேலே தூக்கும் வேலை மனிதக் கைகளால் நடந்தது. ஆட்கள் சேர்ந்து பல்சக்கரக் கைப்பிடியைச் சுற்றச் சுற்ற, இரண்டு இரும்பு இறக்கைகளும் மெல்ல விரியும். அவர்கள் எப்படித் தாளம் பிடித்தார்கள், உப்புக்காற்றில் எந்தப் பாகத்தை எத்தனை நாளுக்கு ஒருமுறை துடைத்து எண்ணெய் இட்டார்கள் என்பதே எங்களுக்கு வேண்டிய செய்தி. 2022 டிசம்பரில் அதில் ரயில்கள் நின்றன. 2025 ஏப்ரல் 6 அன்று பக்கத்தில் திறக்கப்பட்ட புதிய பாலத்தில் 72.5 மீட்டர் நீளமுள்ள பகுதி மின்விசையால் நேராக மேலே எழுகிறது. பார்க்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் அங்கே கைப்பிடி சுற்றும் ஆட்கள் இல்லை.

போட் மெயிலைப் பற்றி ஒரு சொல்: சென்னையிலிருந்து முதலில் தூத்துக்குடிக்கும், 1914-க்குப் பிறகு தனுஷ்கோடிக்கும் வந்து, அங்கிருந்து கப்பலேறி இலங்கைக்குப் போகும் பயணத்துக்கான வண்டி அது. கப்பல் முழுவதுமாக நின்று நாற்பது ஆண்டுகள் ஆகியும் ராமேசுவரம் வண்டியை எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் இன்னும் போட் மெயில் என்றே சொல்கிறார்கள்.

பின்னணி இசை ஏன் இல்லை? பழைய ரயில் ஒலிகள் எங்கிருந்து கிடைத்தன?

குட்டையான தண்டவாளங்களின் இணைப்பில் சக்கரம் ஏறி இறங்கும் 'தடக் தடக்' ஒலி, நீளமாகப் பற்றவைத்த இன்றைய பாதையில் பெரும்பாலும் கேட்பதில்லை. அந்த ஒலியை மூட இசை எதற்கு?

நீலகிரி மலை ரயிலும் மீட்டர் கேஜ்தானே, அதன் ஒலியைப் பயன்படுத்தலாமே என்கிறார்கள். பற்சக்கரத்தைப் பிடித்துச் செங்குத்தான மலையேறும் எஞ்சினின் மூச்சு வேறு. ஆண்டிபட்டிக் கணவாயில் ஏறிய எஞ்சினின் மூச்சு வேறு. ஒன்றை மற்றொன்றின் இடத்தில் ஒட்டினால் பார்ப்பவர்களில் பத்தில் ஒன்பது பேருக்குத் தெரியாது. ஆனால் யாருக்காகப் படம் எடுக்கிறோமோ அந்த ஓய்வுபெற்ற டிரைவர் முதல் நொடியிலேயே கண்டுபிடித்துவிடுவார். கிடைத்த உண்மையான ஒலிகளில் பெரும்பாலானவை பயணிகள் எடுத்த வீட்டு வீடியோக்களிலிருந்து வந்தவை. ஒலி இல்லாத இடத்தில் படம் மௌனமாகவே ஓடுகிறது.

எங்கள் வீட்டில் பழைய புகைப்படங்களும் வீடியோ கேசட்டுகளும் இருக்கின்றன. எப்படிப் பாதுகாப்பது?

முதலில் பரணிலிருந்து கீழே இறக்குங்கள். மதுரை வெயிலில் தளத்துக்குக் கீழேயோ தகரக் கூரைக்குக் கீழேயோ இருக்கும் பரண்தான் படச்சுருளுக்கு முதல் எதிரி. நெகட்டிவ் வைத்த டப்பாவைத் திறந்ததும் காடி வாடை அடித்தால், அந்தச் சுருளின் அடித்தளம் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். அதை மற்றவற்றிலிருந்து உடனே பிரித்து, காற்றுப் புகும் காகித உறையில் போட்டு, வீட்டின் குளிர்ச்சியான அறையில் வைத்து, தாமதிக்காமல் ஸ்கேன் செய்ய ஏற்பாடு செய்யுங்கள். புகைப்படங்களை லேமினேட் செய்யாதீர்கள். பின்புறம் பெயரையும் ஊரையும் மெல்லிய பென்சிலால் எழுதுங்கள்; பந்துமுனைப் பேனா மறுபக்கம் தடம் பதிக்கும். ஸ்கேன் 600 டிபிஐக்குக் குறைய வேண்டாம்.

வி.எச்.எஸ். கேசட்டின் கண்ணாடி வழியாகப் பார்க்கும்போது நாடாவின் ஓரத்தில் வெள்ளைப் பூச்சு தெரிந்தால் அது பூஞ்சை. அப்படியே பிளேயரில் போட்டால் நாடாவும் கெடும், பிளேயரும் கெடும். என்னிடமிருந்த ஒரு கேசட்டை மாற்றித் தரச் சொல்லிக் கடையில் கொடுத்தபோது, அகலத்திரைக்குப் பொருந்தும்படி படத்தை இழுத்து, எஞ்சின் ஒலியை எடுத்துவிட்டு ஒரு சினிமாப் பாட்டைச் சேர்த்து, அன்போடு கொடுத்தார்கள். மூலக் கேசட் கையில் இருந்ததால் தப்பித்தேன். மாற்றக் கொடுக்கும்போது, 'உள்ளது உள்ளபடி, 4:3 அளவில், ஒலியைத் தொடாமல்' என்று எழுதிக் கொடுங்கள். மூலத்தை ஒருபோதும் தூக்கிப் போடாதீர்கள்.

உங்களிடம் கொடுத்தால் உரிமை யாருக்கு?

உங்களிடமே. மூலத்தை ஸ்கேன் செய்துவிட்டுத் திருப்பித் தருகிறோம். ஒரு படம் கையில் இருப்பதாலேயே அதன் பதிப்புரிமை நமக்கு வந்துவிடாது. இந்தியச் சட்டப்படி இப்போது புகைப்படத்துக்கு எடுத்தவரின் வாழ்நாள் முழுவதும், அவர் இறந்த பிறகு 60 ஆண்டுகளும் உரிமை உண்டு. எனவே ஸ்டுடியோ முத்திரை உள்ள படங்களுக்கு எடுத்தவரையோ வாரிசுகளையோ தேடிச் சம்மதம் வாங்குகிறோம்.

ரயில் நிலையத்தில் படம் எடுக்க அனுமதி வேண்டுமா?

வேண்டும். பிளாட்பாரம் டிக்கெட் படப்பிடிப்புக்கான அனுமதி ஆகாது. தெற்கு ரயில்வேயின் மக்கள் தொடர்புத் துறைக்குத் தேதி, இடம், குழுவின் அளவு, கருவிகள் எல்லாவற்றையும் குறிப்பிட்டு விண்ணப்பிக்கிறோம். தண்டவாளத்தில் அத்துமீறி நுழைவது 1989-ஆம் ஆண்டு ரயில்வே சட்டத்தின் 147-ஆம் பிரிவின்கீழ் ஆறு மாதம் வரை சிறையோ, ஆயிரம் ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கக்கூடிய குற்றம். ட்ரோன் பறக்கவிடவும் முறையான அனுமதி தேவை. உச்சிப்புளியில் கடற்படை விமானத் தளம் இருப்பதால் பாம்பன் பக்கம் விளையாட்டு வேண்டாம்.

பாதையை அகலப்படுத்தியது தவறு என்கிறீர்களா?

இல்லை. இரண்டு அளவுகள் இருந்தபோது சந்திப்பில் சரக்கை ஒரு வண்டியிலிருந்து இன்னொன்றுக்குத் தலைச்சுமையாக மாற்றிய கூலிகளிடம் கேட்டால் ஏன் என்று சொல்வார்கள். போடிக்காரர் இன்று தம் ஊரிலேயே ரயிலேறி மதுரைக்கு வரலாம். பழைய தடத்தைக் கழற்றும் முன் ஒரு மாதம் ஒதுக்கி நிலையங்களை அளந்து, படம்பிடித்து, பதிவேடுகளைக் காப்பகத்துக்கு அனுப்பியிருக்கலாம் என்பது மட்டுமே என் குறை. செங்கோட்டை–புனலூர்த் தடத்தில், 2010-ல் மூடி 2018-ல் முழுமையாகத் திறந்தபோதும், கழுதுருட்டியில் உள்ள பதின்மூன்று கண் பாலத்தை இடிக்காமல் வலுப்படுத்தி, அதன் மேலேயே அகலப் பாதையைக் கொண்டுபோனார்கள். மனம் வைத்தால் இரண்டும் முடியும்.

என் தாத்தா ரயில்வேயில் இருந்தார், இப்போது இல்லை. நான் சொல்ல என்ன இருக்கிறது?

பாட்டி இருக்கிறாரா? அவரிடம் கேளுங்கள். எஞ்சின் டிரைவர்களையும் ஃபயர்மேன்களையும் டூட்டிக்கு அழைக்க ஷெட்டிலிருந்து கால் பாய் என்று ஓர் ஆள் வீடு தேடி வருவார். நடுச்சாமத்தில் கதவைத் தட்டி, நோட்டில் கையெழுத்து வாங்கிக்கொண்டு போவார். அந்தத் தட்டல் கேட்டதும் முதலில் எழுந்தவர், அடுப்பு மூட்டியவர், இரண்டு நாளைக்குக் கெடாத சோற்றைக் கட்டிக் கொடுத்தவர், கரி படிந்த சட்டையை எந்தச் சோப்புப் போட்டால் வெளுக்கும் என்று தெரிந்தவர் அவர்தான். எங்கள் பதிவுகளில் மிகக் குறைவாக இருப்பது அந்தக் குரல்கள். கைப்பேசியை மேசைமேல் வைத்து, தொலைக்காட்சியை மட்டும் அணைத்துவிட்டு, கால் பாய் என்ன சொல்லிக் கூப்பிடுவார் என்பதிலிருந்து தொடங்குங்கள்.